தேசிக்காயில லெமன் பார்: யாழ்ப்பாண வெக்கைக்கும் மேசை அவணுக்கும் ஏத்த மாதிரிச் செய்து பாத்தது

லெமன் பார் எண்டது கீழ பட்டரும் கோதுமை மாவும் சேர்ந்து முறுகின ஒரு அடி, அதுக்கு மேல முட்டை, சீனி, லெமன் புளி மூண்டும் சேர்ந்து இறுகின மஞ்சள் படை, நல்லா ஆறவிட்டுச் சதுரம் சதுரமா வெட்டி மேல ஐசிங் சீனி தூவிச் சாப்பிடுறது. மேல் படை வெள்ளைக்காரர் பாணில பூசிற லெமன் கேர்ட் இருக்கெல்லே, கிட்டத்தட்ட அதுதான், அடுப்பில கிண்டாமல் அவணுக்குள்ள இறுக விடுறம், அவ்வளவுதான் வித்தியாசம். 1960களில இருந்து அமெரிக்காவில வீடுகளில செய்யிற சாமான், இப்ப கனடாவில இருக்கிற எங்கட சனமும் பிறந்தநாள் ஒன்றுகூடல் எண்டால் ஒரு ரே செய்து கொண்டு போகுதுகள். எனக்கும் ரெசிப்பி ரொறன்ரோ மச்சாளிட்ட இருந்துதான் வந்தது, எல்லாம் கப் கணக்கு, சூடு 350 பரனைற், லெமன் நாலு எண்டு எழுதியிருந்தவ.

இஞ்ச யாழ்ப்பாணத்தில மஞ்சள் லெமன் பெரிய சுப்பமாக்கற்றில எப்பவாவது கிடக்கும், வெளிநாட்டில இருந்து வாறது, விலையும் கூட, கன நாள் கிடந்து தோல் காய்ஞ்சு போயிருக்கும். எங்கட கிணத்தடியில தேசி (சின்ன எலுமிச்சை) மரம் ஒண்டு நிக்குது, குளிக்கிற தண்ணி முழுக்க அதுக்குத்தான் போறது, வருசத்தில பாதிக்கு மேல காய்க்கும், அது இல்லாத நேரம் திருநெல்வேலிச் சந்தையில வாங்கலாம். நான் இதைத் திரும்பத் திரும்பச் செய்து கண்டுகொண்டது என்னெண்டால் லெமனுக்குப் பதிலா தேசிக்காய் போடுறது ஒரு பிரச்சினையே இல்லை, என்ர வாய்க்கு அதுதான் ருசி கூட. மாத்த வேண்டியது பழக் கணக்கை இல்லை, சூட்டுக் கணக்கை. ரெசிப்பி எழுதினவையின்ர குசினி 20 டிகிரியில இருக்கும், எங்கட குசினி சும்மா நாளிலயே 30க்கு மேல, காண்டாவனம் எண்டுற ஆகக் கடும் வெயில் காலத்துக்க சொல்லத் தேவையில்லை. பட்டரைப் பிசையிறதில இருந்து கடைசியா வெட்டுறது வரைக்கும் ஒவ்வொரு இடத்திலயும் இந்தச் சூடு வந்து கையை வைக்கும், அந்தந்த இடத்தில என்ன செய்தன் எண்டதைத்தான் எழுதப் போறன்.

முதல்ல அவண். என்னட்ட இருக்கிறது மேசையில வைக்கிற சின்ன மின்சார அவண், 1500 வோட்ஸ், மேல ரெண்டு கீழ ரெண்டு கம்பி. இப்பிடியான அவண்களில திருகியில எழுதியிருக்கிற இலக்கத்தை நம்பேலாது, உள்ளுக்க 20, 30 டிகிரி கூடக் குறைய இருக்கிறது சாதாரணம். கேக்குக்கு இது பெரிசாத் தெரியாது, லெமன் பாருக்கு நல்லாத் தெரியும், ஏனெண்டால் மேல இருக்கிறது முழுக்க முட்டை. ஆகையால மாவைத் தொட முதல் அவணைச் சோதிச்சன், அதுக்கு வெறும் சீனி காணும். சீனி உருகிறது 186 டிகிரி அளவில. அலுமினியத் தாளில சின்னக் கிண்ணம் மாதிரி மடிச்சு ஒரு தேக்கரண்டி வெள்ளைச் சீனி போட்டு, அவணை 175இல வைச்சு இருவது நிமிசம் நல்லாச் சூடேற விட்டு, நடுத் தட்டில அந்தச் சீனியை ஒரு கால் மணித்தியாலம் வைக்க வேணும். சீனி அப்பிடியே மணி மணியா வெள்ளையாக் கிடக்க வேணும். பிறகு 190க்குத் திருகிப் புதுச் சீனி வைச்சால் அது உருக வேணும். ரெண்டும் சரியா நடந்தால் உங்கட அவண் உண்மை சொல்லுது. (கால் மணித்தியாலத்துக்கு மேல விடாதேங்கோ, கன நேரம் வைச்சால் குறைஞ்ச சூட்டிலயும் சீனி மெல்ல நிறம் மாறத் தொடங்கும், பிறகு கணக்குப் பிழைக்கும்.)

என்ர அவணில 170 எண்டு வைக்கவே சீனி உருகிப் பாகாப் போச்சு. அப்ப உள்ளுக்க 186க்கு மேல, இலக்கத்தை விடக் கிட்டத்தட்ட 20 டிகிரி கூட. பிறகு கொழும்பில இருந்து வந்த தம்பியிட்டச் சொல்லி அவணுக்குள்ள தூக்கிற சின்ன தெர்மாமீற்றர் ஒண்டு எடுப்பிச்சன், அதுவும் அதையேதான் காட்டினது. இப்ப எனக்கு 170 வேணுமெண்டால் திருகியில 150இல நிக்கும், அவணின்ர பக்கத்தில பென்னாலேயே குறிச்சு வைச்சிருக்கிறன். மச்சாளின்ர 350 பரனைற் எண்டது 177 டிகிரி, அது பெரிய அவணுக்கான கணக்கு. சின்ன அவணில கம்பியள் சாமானுக்கு வலு கிட்ட இருக்கிறதால நான் அடிக்கு 170, மேல் படைக்கு 160 எண்டு குறைச்சிட்டன். இனி இந்தப் பதிவில எழுதிற டிகிரி எல்லாம் உள்ளுக்க இருக்கிற உண்மையான சூடு, திருகி இலக்கம் இல்லை.

இன்னொண்டு, பின்னேரம் 6.30 இலிருந்து இரவு 10.30 வரைக்கும் நாடு முழுக்கக் கறண்ட் கூடப் பாவிக்கிற நேரம், எங்கட ஒழுங்கையில அந்த நேரம் லைற்றே மங்கும். வோல்ற்றேஜ் 230இல இருந்து பத்து வீதம் குறைஞ்சு 207க்கு வந்தால் கம்பி தாற சூடு பத்து வீதம் இல்லை, 19 வீதம் குறையும், ஏனெண்டால் சூடு வோல்ற்றேஜின்ர வர்க்கத்தோட போறது. அவண் சூடேற நேரம் எடுக்கும், கதவைத் திறந்து மூடினால் திரும்ப ஏறவும் நேரம் எடுக்கும், ரெசிப்பியில இருக்கிற நிமிசக் கணக்கு எல்லாம் குழம்பும். அதால நான் பேக் பண்ணுறது விடிய, வெயில் ஏற முதல். கறண்டும் நிதானம், குசினியும் ஆறி இருக்கும், பட்டரும் சொல்லுக் கேக்கும். மொத்தமா ஒரு மணித்தியாலம் ஓடினாலும் 1500 வோட்ஸ் அவணுக்கு ஒண்டரை யூனிற்றுக்கு மேல போகாது.

இனிப் பழம். தேசிக்காய் நல்லாப் பழுத்து மஞ்சளாகின பிறகு எண்டு சில பேர் சொல்லுவினம், நான் எடுக்கிறது பச்சையும் மஞ்சளும் கலந்து மினுங்கிற பருவம், அமத்தினால் கொஞ்சம் இளகிக் குடுக்க வேணும். முழுக்கப் பச்சைக் காயில சாறு குறைவு, நல்லாப் பழுத்ததில சாறு இருக்கும் ஆனால் தோல் மணம் குறைஞ்சிடும். எங்களுக்கு ரெண்டும் வேணும். உண்மையில இந்தப் பாரின்ர மணம் முழுக்கத் தோலிலதான் இருக்கு, சாறு தாறது புளிப்பு மட்டும். தோலில சின்னச் சின்னப் பையில எண்ணெய் இருக்கு, நகத்தால கீறினால் கண்ணுக்க தெறிக்கிறது அதுதான். அந்தப் பச்சைத் தோலை மட்டும் எடுக்க வேணும், கீழ இருக்கிற வெள்ளை பட்டால் கசக்கும். லெமன் தோல் மொத்தம், அதால துருவிறவை கண்ணை மூடிக்கொண்டு துருவலாம், தேசிக்காய்த் தோல் சரியான மெல்லிசு, ஒரே இடத்தில ரெண்டு தரம் இழுத்தால் வெள்ளை வந்திடும். ஆகவே துருவியின்ர ஆகச் சின்னக் கண்ணில ஒரு இழுவை, பழத்தைத் திருப்பி அடுத்த இழுவை. பாதியா வெட்ட முதல் துருவ வேணும், வெட்டினாப் பிறகு பிடிக்கவும் ஏலாது துருவவும் ஏலாது.

துருவின தோலை அப்பிடியே முட்டைக்க போடாமல் அளந்து வைச்ச சீனியில போட்டு விரலால நல்லா உரசுங்கோ. சீனி மணி அந்த எண்ணெயை இழுத்து எடுக்கும், ரெண்டு நிமிசத்தில சீனி ஈரமாகி இளம் பச்சையா வரும், குசினி முழுக்க மணக்கும். நான் உரசியும் உரசாமலும் ரெண்டு விதமாவும் செய்து அருகருகா வைச்சு வீட்டாக்களுக்குக் குடுத்தனான், எல்லாரும் உரசினதைத்தான் எடுத்தவை. எங்கட சனத்துக்கு முட்டை வெடுக்கு எண்டால் ஆகவே ஆகாது, இந்தத் தோல் எண்ணெய்தான் அந்த வெடுக்கை அமத்திறது. வனிலா விட்டால் அமத்தும்தான், ஆனால் பிறகு அது வனிலாப் பாராப் போயிடும், நான் விடுறேல்லை.

சாறு பிழிய முதல் பழத்தை மேசையில வைச்சு உள்ளங்கையால அமத்தி உருட்டினால் சாறு கூட வரும். எங்கட தேசிக்காய் ஒண்டில 15 இலிருந்து 25 மில்லி வரைக்கும் வரும், 100 மில்லிக்கு அஞ்சாறு பழம் வேணும். விதை ஒண்டும் போகாமல் தேத்தண்ணி வடியால வடிக்க வேணும், விதை நசிஞ்சாலும் கசப்புத்தான். சாறைப் பிழிஞ்சு வைச்சிட்டு அடுத்த நாள் செய்வம் எண்டு நினைக்காதேங்கோ, நேரம் போகப் போக மணம் போகும், ஒரு கைப்பு ஏறும். மச்சாளின்ர ரெசிப்பியில லெமன் சாறு அரைக் கப், அதாவது 120 மில்லி. தேசிக்காய்ச் சாறு நாக்கில இன்னும் கூராத் தெரியும், அதே அளவு விட்டால் சின்னப்பிள்ளையள் முகத்தைச் சுழிக்குதுகள், 100 மில்லி எண்டால் அளவாயிருக்கு. சீனியைக் கூட்டிப் புளிப்பை அமத்தலாம் எண்டு ஒரு வழி இருக்கு, எனக்கு அது பிடிக்கேல்லை, சீனி கூடினால் முட்டை இறுகிறதுக்கும் கூடச் சூடு வேணும், மேல ஒரு பிசுபிசுப்பும் வரும்.

அடிக்கு வருவம். 20 சென்ரிமீற்றர் சதுர ரே, எட்டு அங்குலம் எண்டு கடையில சொல்லுவினம். எங்கட ஊரில கேக் ரே எல்லாம் அலுமினியம்தான், தேசிக்காய்ப் புளி அலுமினியத்தில பட்டால் ஒரு இரும்பு ருசி வரும், அதால ரேயின்ர அடியிலயும் நாலு பக்கச் சுவரிலயும் ஏறி வெளிய தொங்கிற மாதிரி எண்ணெய்த் தாள் போட வேணும். அலுமினியத் தாள் போட்டால் திரும்பவும் அதே கதை. வெளிய தொங்கிற தாளைப் பிடிச்சுத்தான் கடைசியில முழுசாத் தூக்கி எடுக்கிறது, அதால குறுக்கும் நெடுக்குமா ரெண்டு துண்டு போடுங்கோ.

ஊர் உலகத்தில எல்லாரும் சொல்லுறது குளிரான பட்டரைச் சின்னச் சின்னத் துண்டா வெட்டி மாவோட விரல் நுனியால உதிர்க்கிறது. பட்டர் உருகிறது 32 இலிருந்து 35 டிகிரிக்குள்ள, எங்கட விரல் சூடும் அதுக்குக் கிட்ட, குசினிச் சூடும் அதுக்குக் கிட்ட, அப்ப பிரிட்ஜில இருந்து எடுத்துப் பத்து நிமிசத்தில மா எண்ணெய் கக்கிக் கையில ஒட்டத் தொடங்கும். மார்கழி வாடைக்காற்றில விடியப்புறம் எண்டால் ஏலும், மற்ற மாசங்களில அந்த முறையோட மல்லுக்கட்டிறது வீண். நான் செய்யிறது பட்டரை முழுசா உருக்கிறது. உருகினதை இனி வெயில் என்ன செய்யும்? 115 கிராம் பட்டரை உருக்கிக் கைச்சூட்டுக்கு ஆறவிட்டு, 50 கிராம் சீனி, ஒரு கிள்ளு உப்பு (உப்புப் பட்டர் எண்டால் தேவையில்லை), பிறகு அரிதட்டால அரிச்ச 150 கிராம் கோதுமை மா, ஒரு அகப்பையால கலந்தால் ஈர மண் பதத்துக்கு வரும். குளிர் பட்டர் முறையில அடி படை படையா உதிரும், இதில கொஞ்சம் நெருக்கமா, கடிச்சால் நொறுங்கிற மாதிரி வரும். மேல ஈரமான படை வரப் போறதால இந்த நெருக்கம்தான் எனக்கு நல்லாப் படுது, சாறு உள்ள இறங்கிறது குறைவு.

பட்டருக்குப் பதிலா மாஜரின் போட்டும் பாத்தனான், விலை பாதிதான், அடி நல்லா முறுகவும் செய்யுது. ஆனால் இதில அடியில இருக்கிறது மூண்டே மூண்டு சாமான், ஒளிக்க இடமில்லை, மாஜரின் ருசி தனியா நாக்கில நிக்கும். காசு பொறுக்காட்டி பாதிக்குப் பாதி போடுங்கோ, முழுக்க வேண்டாம். சீனிக்குப் பதிலா பனங்கட்டி போட்டது மட்டும் எனக்கு வலு சந்தோசத்தைத் தந்த விசயம். ஒரு குட்டான் உடைச்சுச் சீவி 50 கிராம், பட்டர் உருகேக்க சேர்த்துக் கரைச்சால் காணும். அடிக்கு ஒரு கருகல் கலந்த இனிப்பு வருது, தேசிக்காய்ப் புளியோட அது சேரேக்க எங்கட ஊர்ச் சாமான் ஆகிடுது. கல்லு மண் இருக்கும், வடிச்சு ஊத்துங்கோ. பனங்கட்டி போட்டால் கெதியா நிறம் வைக்கும், அஞ்சு நிமிசம் முந்தியே எட்டிப் பாக்க வேணும்.

கலந்த மாவில ஒரு மேசைக்கரண்டி அளவு தனியா எடுத்து வைச்சிட்டு மிச்சத்தை ரேயில பரவி, அடி தட்டையான கிண்ணத்தால அமத்தி ஒரே உயரமா வரச் செய்யுங்கோ. 170இல 20 இலிருந்து 25 நிமிசம். ஓரம் மட்டும் இல்லை, நடுவும் பொன்னிறமா வர வேணும். வெளிறின நிறத்தில எடுத்தால் மேல் படை ஊத்தினாப் பிறகு அது இனி முறுகாது, ஈரத்துக்க கிடந்து மாப்பிட்டு மாதிரி ஆகிடும். வெளிய எடுத்ததும் எங்கயாவது வெடிப்புத் தெரிஞ்சால் அந்தத் தனியா வைச்ச மாவை விரலால அப்பி அடைச்சு விடுங்கோ, மேல் படை பச்சையில தண்ணி மாதிரித்தான் இருக்கும், சின்ன வெடிப்பு இருந்தாலும் கீழ இறங்கி அடியைத் தாளோட ஒட்டிப்போடும்.

அடி வேகேக்கயே மேல் படையைக் கலந்து வைக்க வேணும், ஏனெண்டால் அடி சுடச்சுட இருக்கேக்கதான் ஊத்திறது. தோல் உரசின 230 கிராம் சீனியில 25 கிராம் கோதுமை மாவைப் போட்டு முதல்ல உலரக் கலவுங்கோ, இப்பிடிச் செய்தால் மா கட்டி பிடிக்காது. பிறகு மூண்டு முட்டையும் ஒரு மஞ்சள் கருவும். நான் உடைச்ச முட்டையை நிறுக்கிறனான், 170 கிராம் அளவில வர வேணும், ஊர்க்கோழி முட்டை எண்டால் சின்னன், நாலு முழு முட்டை வேண்டிவரும். முட்டையைச் சீனிக்க போட்டால் உடன கலக்க வேணும், சும்மா விட்டால் சீனி மஞ்சள் கருவின்ர ஈரத்தை இழுத்துச் சின்னச் சின்னக் கட்டியாக்கிப் போடும். கலக்கிறது கைக்கம்பியால, மெதுவா. பீற்றர் பிடிச்சு நுரைக்க அடிச்சால் அந்த நுரை முழுக்க மேல ஏறி வெள்ளை ஆடை மாதிரிப் படிஞ்சு வெடிக்கும். கடைசியா 100 மில்லி சாறு, ஒரு கிள்ளு உப்பு. எல்லாத்தையும் ஒருக்கா வடிச்சால் முட்டையில இருக்கிற வெள்ளை நூல் எல்லாம் வடியில நிண்டிடும், தோலும் நிண்டிடும்தான், ஆனால் அதின்ர மணம் ஏற்கெனவே சீனிக்குப் போயிட்டுது. மாமி தோல் துணுக்கை வாயில கடிபட்டால்தான் விருப்பம் எண்டவ, அவவுக்காக வடிச்சாப் பிறகு கொஞ்சம் திரும்பப் போடுவன்.

நிறத்தைப் பற்றி ஒரு சொல்லு. தேசிக்காய் போட்டதால பச்சையா வரும் எண்டு எதிர்பாக்காதேங்கோ, வாறது இளம் மஞ்சள். ஃபாம் முட்டையின்ர கரு வெளிறலா இருந்தால் இன்னும் வெளிறும். கலறிங் ஒரு துளி விடலாமே எண்டு கேக்கினம், நான் விடுறேல்லை, வெட்டி வைக்கேக்க அந்த இளம் மஞ்சள்தான் வடிவு.

அடியை வெளிய எடுத்ததும் அவண் சூட்டை 160க்குக் குறைச்சுப்போட்டு, கலவையை ஒருக்காக் கிளறி, சுடுற அடிக்கு மேல நேரா ஊத்துங்கோ. சர் எண்டு ஒரு சத்தம் வரும். அடிச்சூடு பட்ட இடத்தில முட்டை உடன ஒரு மெல்லிய படையா இறுகி அடியோட ஒட்டிக்கொள்ளும், மிச்சக் கலவை கீழ இறங்காது. ஆறின அடிக்கு ஊத்தினால் ரெண்டு படையும் ஒட்டாமல், வெட்டேக்க மேல் வேற கீழ் வேறயா வழுக்கும்.

இப்பதான் முழு வேலையின்ர உயிர் இருக்கிற இடம். 160இல 18 இலிருந்து 22 நிமிசம். முட்டை வெள்ளை தனிய எண்டால் 62 டிகிரியில இறுகத் தொடங்கும், மஞ்சள் கரு 65, 70. அதோட இவ்வளவு சீனி சேர்ந்தால் அந்தச் சூடு மேல போகும், புளி சேர்ந்தால் கீழ வரும், ரெண்டும் இழுபட்டு எங்கட படை இறுகிறது 75 தாண்டி 80 ஐ ஒட்டி. அதுக்கு மேல விட்டால் முட்டை இறுகிச் சுருங்கித் தண்ணியை வெளிய தள்ளும், படை துவாரம் துவாரமா வரும், வெடுக்கும் அப்பதான் கிளம்பும். கொஞ்ச மா போடுறது அந்தத் திரையிறதைத் தள்ளிப்போடத்தான், முழுசாத் தடுக்காது. 18 நிமிசத்தில கதவைத் திறந்து ரேயை மெதுவா ஆட்டிப் பாருங்கோ. ஓரம் ரெண்டு விரல்கடை அளவு அசையாமல் நிக்க வேணும், நடு ஜெலி ஆடுற மாதிரி ஒரே துண்டா ஆட வேணும். அலை அலையாத் தண்ணியாட்டம் ஓடினால் இன்னும் ரெண்டு மூண்டு நிமிசம். நடுவும் ஆடாமல் நிண்டால் அது கடந்து போச்சு.

முதல்முறை பக்கத்தில நிண்ட மாமி "பிள்ளை, நடு இன்னும் ஆடுது, வேகேல்லை, வைச்சு விடு" எண்டவ. "இல்லை மாமி, வெளிய எடுத்தாலும் உள்ளுக்க இருக்கிற சூடு கொஞ்ச நேரம் வேகவைக்கும், ஆறத்தான் இறுகும்" எண்டு சொல்லி எடுத்து வைச்சன். அவ நம்பேல்லை, பின்னேரம் வெட்டிக் குடுத்தாப் பிறகு "இது வெந்துதான் இருக்கு" எண்டு ரெண்டாவது துண்டும் எடுத்தவ. எங்கட கேக் பழக்கம் குச்சி குத்தி ஒட்டாமல் வந்தால்தான் வெந்தது எண்டது, லெமன் பாருக்குக் குச்சி உதவாது, குச்சியில ஒட்டாத பதம் வந்தால் அது மிஞ்சிப் போச்சு எண்டு அர்த்தம். மேல் கம்பி கிட்ட இருக்கிற அவண் எண்டால் ஊத்தின நேரத்தில இருந்தே ரேக்கு மேல அலுமினியத் தாளைக் கூரை மாதிரித் தொடாமல் போட்டு விடுங்கோ, இல்லாட்டி மேல் தோல் கருகேக்க நடு பச்சையாக் கிடக்கும்.

ஆறவிடுறது இஞ்ச இன்னொரு வேலை. குளிர் நாட்டில மேசையில ஒரு மணித்தியாலம் வைச்சால் ஆறிடும், எங்கட மேசையில வைச்சால் 32 டிகிரிக்குக் கீழ போகவே போகாது, அந்தச் சூட்டில பட்டர் அடி இறுகாது. சோளகக் காற்று அடிக்கிற காலமெண்டால் யன்னலடியில கம்பித் தட்டுக்கு மேல வைச்சு வலை மூடி போட்டு ஒரு மணித்தியாலம், காற்று இல்லாட்டி ஃபானுக்குக் கீழ. ரேயின்ர அடி கையில சுடாமல் வந்தாப் பிறகு பிரிட்ஜுக்க, நாலு மணித்தியாலமாவது. சூடா உள்ளுக்க வைச்சால் ஆவி மேல துளியாப் படிஞ்சு படை அழும், பிரிட்ஜில இருக்கிற மற்றச் சாமானுக்கும் கூடாது. விடியச் செய்தால் பின்னேரத் தேத்தண்ணிக்கு வெட்டலாம், நான் கணக்கு வைக்கிறது அப்பிடித்தான்.

வெட்டேக்க தாளைப் பிடிச்சு முழுசாத் தூக்கிப் பலகையில வைச்சு, நீளக் கத்தியைச் சுடுதண்ணியில நனைச்சுத் துடைச்சு ஒரே அமத்தல், அறுக்கிறேல்லை. ஒவ்வொரு வெட்டுக்கும் துடைக்க வேணும், இல்லாட்டி மஞ்சள் படை பக்கத்தில இழுபடும். ஓரம் நாலையும் மெல்லிசாச் சீவி எடுத்திட்டு வெட்டினால் சதுரம் வடிவா வரும், சீவின ஓரத்துக்குத்தான் எங்கட வீட்டில அடிபாடு. பதினாறு துண்டா வெட்டுறது அளவு, புளிப்பும் பட்டரும் சேர்ந்தது, பெரிய துண்டு ஒருத்தராலும் முழுசாச் சாப்பிடேலாது. ஐசிங் சீனியை மேசைக்குக் கொண்டுபோற நேரத்தில மட்டும் தூவுங்கோ, எங்கட காற்றில இருக்கிற ஈரத்துக்கு அரை மணித்தியாலத்தில கரைஞ்சு காணாமல் போயிடும்.

கடைசியா முட்டை இல்லாத விதம், இதை எழுதாட்டி எங்கட வீட்டுக் கதை முழுமையாகாது. வெள்ளிக்கிழமை, நல்லூர்க் கொடியேறினால் இருவத்தைஞ்சு நாளும், விரதம் எண்டு முட்டை தொடாத நாள் எங்களுக்குக் கன நாள். அந்த நாளில அடி அதே அடிதான், மேல் படைக்கு ஒரு ரின்பால் (சீனி போட்டுத் தடிப்பாக்கின பால்), 100 மில்லி தேசிக்காய்ச் சாறு, துருவின தோல், ரெண்டு மேசைக்கரண்டி கோன்பிளவர். கோன்பிளவரைச் சாறில கரைச்சு ரின்பாலுக்க விட்டுக் கலக்கக் கலக்கக் கண்ணுக்கு முன்னாலேயே தடிக்கும், சூடு ஒண்டும் வேண்டாம், புளி பட்டுப் பாலில இருக்கிற புரதம் ஒண்டோட ஒண்டு பிடிக்கிறதாலதான் அது. அமெரிக்காவின்ர புளோரிடாவில தேசிக்காயில செய்யிற 'கீ லைம் பை' எண்ட இனிப்பும் இந்த வழிதான், அங்க மஞ்சள் கருவும் சேர்ப்பினம். 160இல 15 நிமிசம் காணும், கோன்பிளவர் வேகத்தான் அந்த நேரம். சீனி மருந்துக்கும் வேண்டாம், ரின்பாலே காணும். முட்டைப் பார் மாதிரி நிமிர்ந்து நிக்காது, கொஞ்சம் இளக்கம், பிரிட்ஜில இரவு முழுக்க வைச்சு எடுத்த கையோட சாப்பிட வேணும். புளிப்புக் கொஞ்சம் அடங்கினதா இருக்கும், ஆனால் பால் ருசி வந்து நிக்கும், அம்மாவுக்கு இதுதான் பிடிச்சது, முட்டை சாப்பிடுற நாளிலயும் ரின்பால்தான் போடு எண்டுவா.

ரெண்டு விதமும் மூடி போட்ட பெட்டியில பிரிட்ஜில மூண்டு நாள் நல்லா இருக்கும், நாலாம் நாள் அடி இளகத் தொடங்கும். பஸ்ஸில வைச்சுச் சாவகச்சேரிக்குக் கொண்டுபோக வேண்டி வந்தால் முதல்நாள் இரவே வெட்டி, துண்டுக்கு நடுவில தாள் வைச்சு உறைபெட்டியில இறுக்கி எடுத்துக்கொண்டு போங்கோ, போய்ச் சேரேக்க சாப்பிடுற பதத்துக்கு வந்திருக்கும், ஐசிங் சீனியை மட்டும் தனியா ஒரு பையில கொண்டுபோய் அங்க தூவுங்கோ.